கஞ்சி வந்த வழி

காலையில் டிஷ்வாஷரின் கதவைத் திறந்தால் அடியில் கஞ்சி நின்றது. மேலே மெல்லிய ஆடை படிந்த, வாசனையிலேயே அடையாளம் தெரிகிற வடிகஞ்சி. முந்தைய இரவே இயந்திரம் ஓடி முடித்துவிட்டது. தட்டுகள் பளபளவென்று காய்ந்திருந்தன. அதற்குள் கஞ்சியை யாரும் ஊற்றவில்லை. அம்மா வழக்கம்போல ஆறு மணிக்குச் சோறு வடித்து, கஞ்சியைச் சிங்கில்தான் கொட்டியிருந்தார்.

"நான் அப்பவே சொன்னேன், இதெல்லாம் நமக்குச் சரிப்படாதுன்னு" என்றார் அம்மா. இயந்திரம் வீட்டுக்கு வந்த நாளிலிருந்து இப்படி ஒன்று நடக்கட்டும் என்றுதான் அவர் காத்திருந்தார்.

சிங்குக்கும் இயந்திரத்துக்கும் இடையே ஒரே ஒரு உறவுதான். இயந்திரத்தின் முதுகிலிருந்து கிளம்பி, மேடைக்கு அடியில் தரையோடு தரையாகத் தவழ்ந்து, சிங்கின் கழிவுக் குழாயில் போய்ச் சேரும் சாம்பல் நிற நெளிகுழாய். கடைக்காரர் பேச்சில் டிரெயின் ஹோஸ். பாத்திரம் கழுவிய அழுக்குத் தண்ணீரை வெளியே கொண்டுபோவதுதான் அதன் வேலை. ஆனால் 'வெளியேற்றும் குழாய்' என்பது நாம் வைத்த பெயர். தண்ணீரைக் கேட்டால், அது இரண்டு பக்கமும் திறந்த ஒரு பாதை. எந்தப் பக்கம் உள், எந்தப் பக்கம் வெளி என்பதை உயரமும் காற்றும் சேர்ந்துதான் முடிவு செய்கின்றன.

எனவே பிளம்பரைக் கூப்பிடுவதற்கு முன்னால் அளவு நாடாவைக் கையில் எடுத்தேன். தரையிலிருந்து மேடையின் மேற்பரப்பு 84 சென்டிமீட்டர். சிங்கின் ஆழம் 22. அப்படியானால் சிங்கின் அடி 62-இல் இருக்கிறது. அதற்குக் கீழே, கழிவுக் குழாயின் ட்ராப்புக்குச் சற்று மேலே ஒரு மூக்கு. ஹோஸின் முனையை அதில்தான் செருகி இறுக்கியிருக்கிறார்கள். அது 40 சென்டிமீட்டர் உயரத்தில். இயந்திரத்துக்குள் அழுக்குத் தண்ணீர் சேரும் அடிக்குழி தரையிலிருந்து 7 சென்டிமீட்டர்தான்.

62, 40, 7. இந்த மூன்று எண்களே பாதிக் கதையைச் சொல்லிவிடுகின்றன. சிங்கிலிருந்து இயந்திரத்துக்குப் போவதென்றால் தண்ணீருக்கு வழி நெடுக இறக்கம். இயந்திரத்திலிருந்து சிங்க் குழாய்க்குப் போவதென்றால் ஏற்றம், அதற்குப் பம்பு வேண்டும். பள்ளிக்கூடத்தில் படித்ததுதான்: ஒரு மீட்டர் உயரத் தண்ணீர் தன் அடியில் தரும் அழுத்தம், வளிமண்டல அழுத்தத்தில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு. சிங்கின் அடிக்கும் இயந்திரத்தின் அடிக்குழிக்கும் 55 சென்டிமீட்டர் வித்தியாசம். இருபதில் ஒரு பங்குக்குச் சற்று மேல். சின்ன அழுத்தம்தான், ஆனால் ஒரு கணம்கூட ஓயாத அழுத்தம். பம்பு ஒரு நாளைக்குச் சில நிமிஷங்கள் மட்டுமே ஓடுகிறது.

அந்தப் பம்பையும் பார்த்துவிடலாம். முப்பது வாட் அளவிலான சின்ன மோட்டார். நாலு லிட்டர் தண்ணீரை ஒரு மீட்டர் தூக்க வேண்டிய ஆற்றல் சுமார் 40 ஜூல். கணக்குப்படி ஒன்றரை நொடி வேலை. நிஜத்தில் அரை நிமிஷத்துக்கு மேல் உறுமுகிறது. நெளிகுழாயின் உட்சுவரிலுள்ள மடிப்புகளில் உரசியும் சுழித்தும் ஆற்றலில் பெரும்பகுதி வீணாகிறது. மடிப்பு இல்லாத குழாயாக இருந்தால் தண்ணீர் இலகுவாகப் போகும், ஆனால் மூலையில் திரும்பும்போது தோட்டத்து ஹோஸ் மாதிரி நசுங்கி அடைத்துக்கொள்ளும். இது மையவிலக்குப் பம்பு என்பது இன்னொரு விஷயம். சுழல்கிற சக்கரம் தண்ணீரை விளிம்புக்கு வீசுகிறது, அவ்வளவுதான். சக்கரம் நின்றுவிட்டால் அது கதவாகாது. அதன் இதழ்களுக்கு இடையில் தண்ணீர் எந்தப் பக்கமும் போகலாம்.

பம்பு நின்றதும் ஹோஸில் ஏறிக்கொண்டிருந்த தண்ணீர் என்ன ஆகும்? உட்புறம் 2 சென்டிமீட்டர் விட்டம், 80 சென்டிமீட்டர் ஏற்றம் என்று வைத்துக்கொண்டால் அதில் நிற்பது கால் லிட்டர். ஒரு பெரிய டம்ளர் அழுக்குத் தண்ணீர், கழுவி முடித்த பாத்திரங்களுக்கு அடியில் திரும்ப வந்து சேரும். அதைத் தடுக்கத்தான் பம்பின் வாயில் ஒரு ரப்பர் மடல் வைத்திருக்கிறார்கள். வெளியே போகும் தண்ணீர் தள்ளினால் திறக்கும், திரும்பி வரும் தண்ணீர் தள்ளினால் மூடிக்கொள்ளும்.

அடிக்குழியின் வடிகட்டியைக் கழற்றி, விரலை விட்டுத் துழாவியபோது அந்த மடல் மூடாமல் இருந்ததற்கான காரணம் கையோடு வந்தது. கறிவேப்பிலைக் காம்பு. ஒன்றரை அங்குலம்கூட இருக்காது.

*

பிளம்பர் பத்து மணிக்கு வந்தார். என்னைவிட வயதில் மூத்தவர், இந்தக் குடியிருப்பு கட்டப்பட்ட நாளிலிருந்து இதன் குழாய்களை அறிந்தவர். காம்பைக் காட்டியதும் சிரித்தார்.

"காம்பு மேல மட்டும் பழி போடாதீங்க சார். மடல்னா ஒரு நாளைக்கு மாட்டத்தான் செய்யும். ஹோஸ் தரையில படுத்துக் கெடக்கு பாருங்க, குத்தம் அங்க இருக்கு. அதைத் தூக்கிக் கட்டணும்."

"எவ்வளவு உயரம்ணே?"

"எவ்வளவு முடியுமோ அவ்வளவு."

இதைவிடச் சுருக்கமாக எந்தக் கையேடும் சொல்லிவிட முடியாது. இயந்திரத்தோடு வந்த புத்தகத்தைப் புரட்டினேன். அதிலும் இருந்தது, ஒரு சின்னப் படம், இரண்டு அம்புக்குறி. ஹோஸை முதலில் மேடையின் அடிப்பலகை வரை ஏற்றி, அங்கே ஒரு பட்டியால் கட்டி, பிறகுதான் சிங்க் குழாய்க்கு இறக்க வேண்டும். இயந்திரத்தைப் பொருத்த வந்த பையனுக்கு அந்தப் படம் கண்ணில் படவில்லை, அல்லது மேடைக்கு அடியில் தலையை நுழைக்க மனம் வரவில்லை.

வளைவின் உச்சி 80 சென்டிமீட்டர் என்றால், சிங்க் பக்கம் தண்ணீர் 80-ஐத் தாண்டும்வரை இந்தப் பக்கம் ஒரு சொட்டு வராது. காலையில் என்ன நடந்தது என்பது இப்போது விளங்கியது. ட்ராப்பின் வளைவில் நெய்யும் எண்ணெயும் உறைந்து பாதி வழியை அடைத்திருந்தன. டிஷ்வாஷர் வெளியே தள்ளும் சூடான தண்ணீரில் கொழுப்பு உருகிப் போகும். போகிற வழியில் குழாய் குளிர்ச்சியாக இருந்தால் அங்கேயே உறைந்து ஒட்டிக்கொள்ளும். தேங்காய் எண்ணெய் 24 டிகிரியில் உறைவதை மார்கழியில் பாட்டிலில் பார்த்திருப்பீர்கள். அதன்மேல் கொழகொழத்த கஞ்சி. ஆற ஆற அதிலுள்ள மாவுச்சத்து இறுகிக் கூழாகும். வழக்கமான வழி மந்தமானதும் கஞ்சி குழாயில் தேங்கி 40 சென்டிமீட்டர் மூக்கு வரை ஏறியது, பக்கத்தில் திறந்திருந்த ஹோஸுக்குள் இறங்கியது, காம்பு பிடித்துவைத்திருந்த மடலைத் தாண்டி உள்ளே வந்தது.

ஹோஸை ட்ராப்புக்கு முன்னால் இணைத்திருந்தார்கள், அந்த மட்டில் பையன் செய்தது சரி. ட்ராப் என்பது வளைந்த குழாயில் எப்போதும் நிற்கிற ஒரு வாய்த் தண்ணீர். சாக்கடைக் காற்றும் கரப்பானும் அதைத் தாண்டி வீட்டுக்குள் வர முடியாது. இந்த எளிய வளைவுக்கு 1775-இல் காப்புரிமை வாங்கியவர் லண்டனில் கடிகாரம் செய்துகொண்டிருந்த அலெக்ஸாண்டர் கம்மிங். ஹோஸை ட்ராப்புக்குப் பின்னால் இணைத்திருந்தால், கஞ்சிக்குப் பதில் சாக்கடை நாற்றம் தட்டுகளுக்கு நடுவே வந்து உட்கார்ந்திருக்கும்.

*

இரண்டு மாடி மேலே இன்னொரு வீட்டில் அதே இயந்திரம், நேர் எதிரான வியாதி. அங்கே கழிவுத் தண்ணீர் உள்ளே வரவில்லை. உள்ளே வந்த தண்ணீர் நிற்கவே இல்லை. தண்ணீர் ஏறுகிற சத்தம் ஓயாமல் கேட்கும், பாத்திரம் நனையாது, கடைசியில் பிழை விளக்கு எரியும். அவர்கள் ஹோஸை மேலே வளைத்துக் கட்டித்தான் இருந்தார்கள். ஆனால் மறுமுனையைச் சிங்க் குழாயில் செருகாமல், தரையிலுள்ள ஃப்ளோர் ட்ராப்புக்குள் இறக்கி, பூச்சி வரக்கூடாதென்று சுற்றிலும் சிமென்ட் பூசி அடைத்துவிட்டார்கள். 80 சென்டிமீட்டர் மேடு இருந்தும் தண்ணீர் அதைத் தானாக ஏறிக் கடந்து வெளியே ஓடிக்கொண்டிருந்தது.

இதுதான் சைஃபன். வாளித் தண்ணீரில் ஒரு குழாயை முக்கி, மறுமுனையை வாயால் உறிஞ்சிக் கீழே விட்டால் வாளி தானாகக் காலியாகும். பம்பு ஒருமுறை ஹோஸை முழுக்க நிரப்பிவிட்டது, அதுதான் இங்கே வாயால் உறிஞ்சிய வேலை. அப்புறம் பம்பு நின்றாலும், அடுத்த கழுவலுக்குப் புதுத் தண்ணீர் வரும்போதும், அந்த இழுப்பு அறவில்லை.

மேடேறும் தண்ணீரை எது இழுக்கிறது என்ற கேள்வி பார்ப்பதற்கு எளியது. ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி 1911-லிருந்து வளிமண்டல அழுத்தம்தான் என்று பொருள் எழுதியிருந்தது. ஆஸ்திரேலியாவில் குவீன்ஸ்லாந்து தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் இயற்பியலாளர் ஸ்டீபன் ஹியூஸ், 2010-இல் அது தவறு என்று எழுதிக் கேட்டார். முர்ரே ஆற்றிலிருந்து ஓர் ஏரிக்குப் பெரிய சைஃபன் வழியாகத் தண்ணீர் கொண்டுபோனதைப் பார்த்துவிட்டு அதைப் பற்றி எழுத உட்கார்ந்தவர், அகராதியைப் புரட்டப்போய் இதில் மாட்டிக்கொண்டார். காற்றழுத்தம் இரு முனைகளிலும் கிட்டத்தட்ட ஒன்றுதான், அது எப்படி ஒரு பக்கமாக ஓட வைக்கும்? வெளிப்பக்கம் இறங்கும் தண்ணீர்க் கம்பம் உள்பக்கத்ததைவிட நீளம், ஆகவே கனம். அந்த எடைதான் இழுக்கிறது. கிணற்றில் உருளைக்கு அந்தப் பக்கம் கனமான வாளி இறங்கினால் இந்தப் பக்கம் காலி வாளி ஏறுவது போல.

காற்றழுத்தத்துக்கு வேலையே இல்லை என்று சொல்லிவிடவும் முடியாது. தண்ணீர் கயிறல்ல, இழுத்தால் உச்சியில் அறுந்து குமிழியாகும். அறுந்துவிடாமல் இரு முனைகளிலிருந்தும் அழுத்திப் பிடித்திருப்பது காற்று. அதனால்தான் சாதாரணத் தண்ணீரில் சைஃபனின் மேடு சுமார் 10 மீட்டருக்கு மேல் போகாது. இழுப்பது எடை, அறாமல் காப்பது காற்று என்று சொன்னால் போதும் என்பது என் கட்சி. இயற்பியலாளர்கள் இன்னும் கொஞ்சம் சண்டை போடுவார்கள்.

மராட்டியத்தில் வசுதேவர் கிண்ணம் என்று ஒரு பாத்திரம் உண்டு. நடுவில் குழந்தை கண்ணனைச் சுமந்து நிற்கும் வசுதேவர். கிண்ணத்தில் தண்ணீர் ஊற்ற ஊற்ற யமுனை ஏறும், கண்ணனின் பாதத்தைத் தொடும், தொட்டதும் மளமளவென்று வடிந்து கிண்ணம் காலியாகும். வசுதேவரின் உடலுக்குள் ஒரு வளைந்த குழாய் ஒளிந்திருக்கிறது, அதன் உச்சி கண்ணனின் பாத மட்டத்தில். கிரேக்கர்கள் இதே கிண்ணத்துக்குப் பித்தகோரஸின் பெயரை வைத்து, பேராசைக்காரன் அளவுக்கு மீறி மது ஊற்றினால் எல்லாம் போய்விடும் என்று கதை சொன்னார்கள். எனக்கு நம்முடையதுதான் அழகு. வாஷிங்மெஷினில் கடைசி அலசலுக்கு வாசனைத் திரவம் ஊற்றும் குழியிலும் உட்கார்ந்திருப்பது இதே குழாய்தான்.

சைஃபனைக் கொல்வது சுலபம். உச்சியில் ஓர் ஓட்டை போட்டால் போதும், காற்று புகுந்து தண்ணீர்க் கம்பம் இரண்டாக அறுந்துவிடும். மேல் வீட்டில் ஓட்டைகூடப் போடவில்லை. சிமென்டைப் பெயர்த்து, ஹோஸின் முனையை அகலமான ஒரு நிற்கும் குழாயின் மேல்வாயில் தொங்கவிட்டு, சுற்றிலும் காற்றுப் போக இடம் வைத்தார்கள். இறங்கும் கால் குட்டையாகிவிட்டது, இழுப்பும் நின்றது.

*

கலிஃபோர்னியாவில் பிள்ளைகள் வீட்டுக்குப் போய்வந்த பெற்றோர் பலர் சிங்கின் ஓரத்தில், குழாய்க்குப் பக்கத்தில், கவிழ்த்த சின்ன டம்ளர் போல ஒரு பளபளப்பான மூடி நிற்பதைப் பார்த்திருப்பார்கள். திருகினால் தண்ணீர் வராது. டிஷ்வாஷரின் கழிவு ஹோஸ் அந்த மூடிக்கு அடியில் வரை ஏறி வந்து, அங்கே துண்டிக்கப்பட்டு, ஒரு விரற்கடை வெறும் காற்றைத் தாண்டி இன்னொரு குழாயில் விழுகிறது. காற்று இடைவெளி. மடலில் காம்பு மாட்டலாம், கட்டிய பட்டி அறுந்து வளைவு சரியலாம். காற்றில் எதுவும் மாட்டாது. அந்த மாநிலத்தின் குழாய்ச் சட்டம் இதைக் கட்டாயமாக்கியிருக்கிறது. அமெரிக்காவின் பல மாநிலங்களில் உயர்த்திக் கட்டிய வளைவு போதும்.

ஒரு மூடிக்காக இத்தனை கெடுபிடியா என்று தோன்றலாம். அதற்குச் சிகாகோவுக்குப் போக வேண்டும்.

1893-இல் சிகாகோவில் நடந்த உலகக் கண்காட்சியில் ஜோசஃபின் காக்ரேன் என்ற பெண்மணி தன் பாத்திரம் கழுவும் இயந்திரத்தைக் காட்சிக்கு வைத்தார். அதற்கு ஏழாண்டுகள் முன்பு, 1886 டிசம்பர் 28 அன்று காப்புரிமை பெற்றிருந்தார். அவருக்கு முன்னாலும் சிலர் முயன்றதுண்டு. தேய்ப்பதை விட்டுவிட்டு, கம்பிக் கூடைகளில் தட்டுகளை அடுக்கித் தண்ணீரைப் பீய்ச்சி அடிப்பது என்ற அவருடைய வழிதான் நிலைத்தது. வீடுகள் வாங்கவில்லை, ஹோட்டல்கள் வாங்கின. அவர் தொடங்கிய நிறுவனம் பின்னாளில் கைமாறி, கிச்சன்எய்டு என்ற பெயரின் முன்னோர்களில் ஒன்றானது.

நாற்பது ஆண்டுகள் கழித்து, 1933-இல், அதே சிகாகோவில் இன்னோர் உலகக் கண்காட்சி. பார்க்க வந்தவர்கள் தங்கிய இரண்டு ஹோட்டல்களில் அமீபா சீதபேதி பரவியது. நோய் வெளிப்படச் சில வாரங்கள் ஆகும் என்பதால் விருந்தினர்கள் ஊர் திரும்பிய பிறகே படுத்தார்கள்; நாடு முழுக்கச் சிதறிய நோயாளிகளுக்கு ஒரே ஊற்று என்று கண்டுபிடிக்க நாளானது. 1,400 பேருக்கு மேல் பாதிக்கப்பட்டார்கள், 98 பேர் இறந்தார்கள். விசாரித்தபோது தெரிந்தது, காரணம் சமையற்காரர்கள் அல்ல. பழைய கட்டடங்களில் கசிந்த கழிவுக் குழாய்களும், கழிவுநீர் குடிநீருக்குள் புக வழிவிட்ட தவறான குழாய் இணைப்புகளும். ஒரு குழாயில் அழுத்தம் குறையும் நேரத்தில் தண்ணீர் திசை மாறிப் பின்னுக்கு ஓடும். அமெரிக்கக் குழாய்ச் சட்டங்கள் பின்னோட்டத்தை இவ்வளவு தீவிரமாக எடுத்துக்கொண்டதில் அந்தக் கோடைக்குப் பெரிய பங்கு உண்டு.

இன்றைய டிஷ்வாஷரின் பக்கச்சுவருக்குள் ஒரு தட்டையான பிளாஸ்டிக் பெட்டி இருக்கிறது. நல்ல தண்ணீர் உள்ளே வரும்போது அதில் ஓரிடத்தில் காற்றைத் தாண்டிக் குதித்தே ஆகவேண்டும். கழுவுகிற அழுக்கு, தெருக் குடிநீர்க் குழாய்க்குத் திரும்பிப் போகாதிருக்க அந்தக் குதிப்பு. குடிநீர்ப் பக்கத்தை இயந்திரம் செய்தவர்களே பார்த்துக்கொள்கிறார்கள். கழிவுப் பக்கம் மட்டும் பொருத்த வருகிறவரின் பொறுப்பில் விடப்பட்டிருக்கிறது.

*

பிளம்பர் ஹோஸை 80 சென்டிமீட்டருக்குத் தூக்கிக் கட்டினார். ட்ராப்பைக் கழற்றிக் கழுவினார். மூக்கில் ஹோஸைச் செருகி, திருகாணிப் பட்டியால் இறுக்கினார். அந்தப் பட்டி 1921-இல் பிரிட்டிஷ் கடற்படைக்காரர் லம்லி ராபின்சன் காப்புரிமை வாங்கியது. அதற்கு மேல் அதைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை, அளவாக இறுக்கினால் நூறு வருஷம் உழைக்கும். காசை வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

எனக்கு அந்த நாலு சென்டிமீட்டர் உறுத்தியது. வளைவின் உச்சி 80, சிங்கின் விளிம்பு 84. அடைப்பு முற்றி, சிங்க் விளிம்பு வரை நிறைந்தால்? ஞாயிற்றுக்கிழமை, அம்மா கோயிலுக்குப் போன நேரம், சோதித்துப் பார்த்தேன். இயந்திரத்தின் பிளக்கைப் பிடுங்கினேன். ரப்பர் மடலை வேண்டுமென்றே கழற்றினேன், வளைவு மட்டும் தனியாக எவ்வளவு தாங்கும் என்று தெரிய வேண்டுமல்லவா. ட்ராப்பின் கீழ்வாயைத் துணியால் அடைத்துவிட்டு, தண்ணீர் போகிற இடம் கண்ணுக்குத் தெரிய வேண்டுமென்று ஒரு கரண்டி மஞ்சள்தூளைக் கலந்து சிங்கை நிரப்பினேன்.

பத்து சென்டிமீட்டர் நிறைந்தது. இயந்திரத்துக்குள் டார்ச் அடித்துப் பார்த்தேன், உலர்ந்திருந்தது. பதினைந்து. ஒன்றுமில்லை. பதினெட்டைத் தொட்டு ஒரு விரல் ஏறியதும் மேடைக்கு அடியில் களகளவென்று சத்தம். காற்றும் தண்ணீரும் கலந்து சரிகிற சத்தம். குழாயை மூடினேன். நாலைந்து நொடியில் களகளப்பு அடங்கிவிட்டது. நின்றுவிட்டது என்று நினைத்தேன். சிங்கைப் பார்த்தால் தண்ணீர் சீராக, சத்தமில்லாமல் இறங்கிக்கொண்டிருந்தது. ஹோஸிலிருந்த காற்று முழுக்கப் போய் சைஃபன் பிடித்துவிட்டது. கண்ணன் பாதம் நனைந்தாயிற்று. இனி நீர்மட்டம் 80-க்குக் கீழே போனாலும் நிற்காது, சிங்க் வறளும்வரை இழுக்கும். நாற்பது லிட்டர் இயந்திரத்துக்குள் போய் அங்கிருந்து அடுப்படித் தரைக்கு வரும். மேடைக்கு அடியில் புகுந்து துணியை உருவுவதற்கு அரை நிமிஷம் ஆனது. அதற்குள் இரண்டு விரற்கடை இறங்கியிருந்தது.

மறுநாள் பிளம்பர் திரும்ப வந்து, சிங்க் குழாயோடு சம்பந்தமே இல்லாமல் ஒன்றரை அங்குல பி.வி.சி. குழாய் ஒன்றைத் தனி ட்ராப்போடு நிறுத்தினார். ஹோஸின் முனை இப்போது அதன் திறந்த வாயில் கொக்கியாகத் தொங்குகிறது. அந்தக் குழாய் என்றைக்காவது அடைத்தால் அழுக்குத் தண்ணீர் வாய்வழியாகப் பொங்கி மேடைக்கு அடியில் தரையில் ஓடும். ஓடட்டும் என்று இருவரும் பேசி முடிவு செய்தோம். தரையில் ஓடினால் கண்ணுக்குத் தெரியும்.

"எதுக்கு சார் மஞ்சள்?" என்று மட்டும் கேட்டார்.

அம்மா அதைக் கேட்கவில்லை. கோயிலிலிருந்து வந்து, இயந்திரத்தைத் திறந்து, வெள்ளை வடிகட்டியும் அடியிலிருந்த சுழல்கையும் மஞ்சள் குளித்திருப்பதைப் பார்த்துவிட்டு, இரண்டையும் கழற்றச் சொன்னார். மொட்டைமாடியில் வற்றல் காயவைக்கும் துணியின் ஓரத்தில் அவற்றை வைத்தார். சோப்புக்கு அசையாத மஞ்சள், வெயிலில் இரண்டு நாளில் வெளிறிப்போயிற்று.